புலிக்குப் பயம் காட்டிய தப்தா

பதிவு போட்டு ரொம்ப நாளாச்சு. ஒரு ரிலீஸ் முடிஞ்சா இன்னொரு ரிலீஸ்... வழக்கமான பொட்டி தட்டுற புலம்பல்தான், விடுங்க. இன்னிக்கு ஒரு கதை சொல்லப் போறேன். சின்னக் கதைதான், ஆனா என்னை எங்கெங்கயோ இழுத்துட்டுப் போயிடுச்சு. பதிவு கொஞ்சம் நீளம், டீயோட வந்து உக்காருங்க.

மலையடிவாரத்துல ஒரு வீடு. ராத்திரி நேரம். குழந்தை விடாம அழுவுது. பாட்டி என்னென்னமோ சொல்லிப் பாக்குறா. "அழாதே, நரி வந்துரும்." நிக்கல. "புலி வந்துரும்." அதுக்கும் நிக்கல. வெளியில நிஜமாவே ஒரு புலி சுவரோரமா பதுங்கி இதைக் கேட்டுட்டு இருக்கு. 'நம்ம பேரைச் சொல்லியும் இது பயப்படலயே'ன்னு அதுக்கு ஒரே மனக்கஷ்டம். கடைசியா பாட்டி, "இந்தா, தப்தா வந்துருச்சு!"ன்னா. அழுகை கப்புனு நின்னுடுச்சு.

புலிக்குத் தூக்கிவாரிப் போட்டது. தப்தாவா? நம்மளை விடப் பெருசா ஒண்ணு இருக்கா? அது இங்கதான் இருக்கா?

அந்த நேரம் பாத்து குதிரை திருட ஒருத்தன் வர்றான். கும்மிருட்டு. தடவிப் பாத்தா கொழுகொழுன்னு ஒரு முதுகு. நல்ல குதிரைன்னு ஏறி உக்காந்துட்டான். புலி, 'தப்தா முதுகுல ஏறிடுச்சு'ன்னு நெனச்சு பிடிச்சது ஓட்டம். விடிய விடிய ஓட்டம். வெளிச்சம் வந்ததும் குனிஞ்சு பாத்தவனுக்குப் பாதி உசுரு போயிடுச்சு. கைக்கு எட்டின மரக்கிளையைப் பிடிச்சுத் தொங்கிட்டான். முதுகு லேசானதும் புலி, 'தப்பிச்சோம்டா சாமி'ன்னு திரும்பிக்கூடப் பாக்காம காட்டுக்குள்ள ஓடிடுச்சு.

அவ்ளோதான் கதை. தப்தான்னா என்னன்னு கடைசி வரைக்கும் யாருக்கும் தெரியாது. பாட்டி வாய்க்கு வந்த ஒரு பேரு.

இதை எனக்குச் சொன்னது எங்க டீம்ல இருக்குற இம்பால் பையன். மெய்தேய் சமூகம். பேரு வேண்டாம், 'தம்பி'ன்னு வெச்சுக்குவோம். அவன் என்னை "அண்ணா"ம்பான். சென்னைக்கு வந்து ஒரே மாசத்துல கத்துக்கிட்ட மூணு தமிழ் வார்த்தையில அது ஒண்ணு. மத்த ரெண்டு "சாம்பார்", "சில்லறை" :-)

மெய்தேய் மொழியில 'ஃபுங்கா'ன்னா அடுப்படி, 'வாரி'ன்னா கதை. ராத்திரி அடுப்பைச் சுத்தி உக்கார வெச்சுப் பெரியவங்க சொல்ற கதைக்கு ஃபுங்கா வாரின்னே பேரு. பாட்டி அங்க 'அபோக்'. தம்பியோட அபோக்குக்கு எண்பது தாண்டிடுச்சு. பேரன் சென்னைக்கு வேலைக்கு வந்ததுக்கப்புறம் அடுப்படிக்கு வழியில்லையே, அதனால வாட்ஸப்ல குரல் அனுப்புறது. யாராவது போனைப் பிடிச்சுக்குவாங்க, பாட்டி பேசும். ஒரு நாள் மதியச் சாப்பாட்டு நேரத்துல அவன் ஒண்ணைப் போட்டுக் காட்டினான். எனக்கு ஒரு வார்த்தை புரியல. ஆனா எங்க புலி, எங்க குழந்தைன்னு தெரிஞ்சுடுச்சு. நம்ம ஆயா சொல்ற மாதிரியேதான் குரலை ஏத்தி இறக்குது.

ஏன் குரல், எழுதி அனுப்பலாமேன்னு கேட்டேன். சிரிச்சுட்டான். ஒரே மொழிதான், ஆனா வீட்டுல மூணு எழுத்தாம். 18-ஆம் நூற்றாண்டுலேர்ந்து வங்காள எழுத்து உள்ளே வந்து, அவங்களோட சொந்த எழுத்தான மெய்தேய் மயெக் புழக்கத்துலேர்ந்து போயிடுச்சு. அப்பா தலைமுறைக்கு வங்காள எழுத்து மட்டும்தான் வரும். 2006 வாக்குல பள்ளிக்கூடத்துல மயெக் சொல்லிக்கொடுக்க ஆரம்பிச்சதால, அதுக்கப்புறம் வந்த பிள்ளைங்களுக்கு அது வரும். போன்ல தட்டும்போது எல்லாரும் நம்ம தங்கிலீஷ் மாதிரி ஆங்கில எழுத்துல தட்டுவாங்க. மயெக் யூனிகோட்ல சேர்ந்ததே 2009-லதான். திஸ்கி, யூனிகோட்னு மல்லுக்கட்டின கதையை மூத்த பதிவர்கள் சொல்லக் கேட்டிருக்கேன். அந்த மல்லுக்கட்டு ஒரே வீட்டுக்குள்ள அப்பாவுக்கும் பிள்ளைக்கும் நடுவுல நடந்தா எப்படி இருக்கும்னு யோசிச்சுப் பாருங்க.

இந்த எழுத்துக்காக அங்க ஒரு நூலகமே எரிஞ்சிருக்கு. 2005 ஏப்ரல் 13, இம்பால் மைய நூலகம். வங்காள எழுத்து வேண்டாம், மயெக் வேணும்னு போராடினவங்களே வெச்ச தீ. 1981-ல யாழ்ப்பாணத்துல எரிஞ்சது நமக்குத் தெரியும், அது அடுத்தவன் வெச்சது. இது தன் மொழி மேல இருந்த பாசத்துல தானே வெச்சது. எது கொடுமைன்னு எனக்குச் சொல்லத் தெரியல.

அதனால மெய்தேய் ஆளுங்க ஃபேஸ்புக்லயும் யூட்யூப்லயும் கதை சொல்லும்போது குரல்தான் எல்லாருக்கும் பொது. எந்த எழுத்து தெரிஞ்சவனும் கேக்கலாம், எந்த எழுத்தும் தெரியாத அபோக்கும் சொல்லலாம். சேட்டைக்காரச் சித்தி மகள் கதை (சாந்த்ரெம்பி, சாய்ஸ்ரான்னு ரெண்டு பொண்ணுங்க), பாதி மனுஷன் பாதி புலியான கெய்பு கெயொய்பா கதை எல்லாம் இப்படித்தான் அடுப்படியிலேர்ந்து போனுக்கு வந்திருக்கு.

சரி, நம்ம கதைக்கு வருவோம். புலியைக் குதிரைன்னு நெனச்ச கதை எங்கயோ படிச்ச மாதிரியே இருக்கேன்னு எனக்கு ஒரு அரிப்பு. தேடினா வரிசையா வருது. கொரியாவுல இதே கதை. அங்க குழந்தையோட அழுகையை நிறுத்துறது ஒரு காய்ஞ்ச சீமைப் பனிச்சம்பழம். புலி அந்தப் பழத்துக்குப் பயந்து ஓடுது. ஜப்பான்ல 'பழைய வீட்டு ஒழுக்கல்'. பஞ்சதந்திரத்துலயே ஐந்தாவது தந்திரத்துல ஒரு ராட்சசன் இப்படி ஒரு பேருக்குப் பயப்படுறான்.

எனக்குப் பிடிச்சது தக்காணத்துக் கதைதான். காரணம் சொல்றேன். மழை ராத்திரி, கிழவி குடிசை ஒழுகுது. புலிக்குக்கூடப் பயமில்ல, இந்தச் சொட்டுச் சொட்டுன்னு ஒழுகுறதுக்குத்தான் பயமா இருக்குன்னு கிழவி புலம்புறா. வெளியில ஒதுங்கின புலி கேட்டு நடுங்குது. அப்ப குடிச்சிட்டு, தொலைஞ்சுபோன தன் கழுதையைத் தேடிட்டு ஒருத்தன் வர்றான். புலியை ரெண்டு சாத்து சாத்தி, மேல ஏறி, வீட்டுக்கு ஓட்டிட்டுப் போய்க் கட்டிப்போட்டுட்டுப் படுத்துடுறான். அவன் யாரு? சட்டி பானை செய்யுற குயவன்! விருத்தாசலத்துக்காரன் நான் இந்தக் கதையை விட முடியுமா? அம்மாகிட்டச் சொன்னேன். அம்மா பீங்கான் பேட்டையில பதினெட்டு வருஷம் பொம்மைக்கு வர்ணம் அடிச்சவங்க. "காலையில தெளிஞ்சதும் புலியைப் பாத்துருப்பானே, அப்ப என்ன ஆனான்?"னு கேட்டாங்க. அது இன்னும் பெரிய கூத்து. ராஜா அவனைப் பெரிய வீரன்னு நம்பி சேனாதிபதி ஆக்கிடுறார். அவன் மிரண்ட குதிரையில கட்டுண்டு வர்றதைப் பாத்து, 'ஒருத்தனே இப்படின்னா மத்தவன் எல்லாம் எப்படியோ'ன்னு எதிரிப் படையே ஓடிடுது.

புலியும் சரி, படையும் சரி, எதுவும் நடக்கல. காதுல விழுந்ததையும் அரைகுறையாக் கண்ணுல பட்டதையும் வெச்சே பயந்தாங்க.

இந்தக் குயவன் கதை அச்சானது 1868-ல. பம்பாய் கவர்னரோட மகள் மேரி ஃப்ரியர் போட்ட புத்தகம். சொன்னது அவங்ககிட்ட ஆயாவா வேலை பாத்த அன்னா லிபெராட்டா டி சூசா. பாட்டி வாயால கேட்ட கதைகளைத்தான் அன்னா சொன்னாங்க. புத்தகத்துல கதைகளுக்கு முன்னாடி அன்னாவோட சொந்த வாழ்க்கையும் அவங்க வாய்மொழியாவே அச்சாயிருக்கு. 150 வருஷத்துக்கு முன்னால, வெள்ளைக்காரத் துரை வீட்டுல, வேலைக்காரம்மா பேரைப் போட்டிருக்காங்க!

இதை நான் பெருசாச் சொல்றதுக்குக் காரணம் எங்க ஊர்ப் பழக்கம். எங்கம்மா யார் வீட்டுக்குப் போனாலும் டீ குடிச்சு முடிச்சதும் கப்பைக் கவுத்து அடியைப் பாப்பாங்க. எங்க செஞ்சது, எந்தக் கம்பெனி. எனக்கு மானம் போகும். ஆனா யோசிச்சா, கதைக்கும் அதே கேள்விதான். யாரு சொன்னா? எங்கேர்ந்து வந்தது? அபோக் கதைக்கு அடியில அபோக் பேரு இருக்கு. குயவன் கதைக்கு அடியில அன்னா பேரு இருக்கு. பக்கத்துல மணவாளநல்லூர் கொளஞ்சியப்பர் கோயில்ல பிராது கட்டுறது உங்கள்ல சில பேருக்குத் தெரிஞ்சிருக்கும். குறையைத் தாள்ல எழுதி முனியப்பர் சன்னதியில கட்டிட்டு வருவாங்க. சாமிக்கே எழுதினாலும் பேரு, ஊரு போடாம எழுத மாட்டாங்க.

அடியில ஒண்ணுமே போடாத கதை எப்படி இருக்கும்? 2023 மே மாசம் பாத்தோம்.

மெய்தேய்களுக்குப் பழங்குடி அந்தஸ்து கொடுக்குற விவகாரம், நிலம், பல வருஷக் கசப்புன்னு ஏற்கெனவே புகைஞ்சிட்டு இருந்தது. மே 3-ஆம் தேதி அதை எதிர்த்து மலை மாவட்டங்கள்ல பேரணி நடந்தப்போ பத்திக்கிச்சு. மெய்தேய் ஒரு பக்கம், குக்கி ஒரு பக்கம். அன்னிக்கே மொபைல் இன்டர்நெட்டை நிறுத்தினாங்க. ஆனா அந்த முதல் ரெண்டு நாள்ல ஒரு படம் போன் போனாப் போயிட்டு இருந்தது. பிளாஸ்டிக்ல சுத்தின ஒரு பொண்ணோட உடல். சுராசாந்த்பூர்ல குக்கிகள் நாசம் பண்ணிக் கொன்ன மெய்தேய் நர்ஸ்னு சேதி. அது 2022 நவம்பர்ல வட இந்தியாவுல நடந்த வேற ஒரு கொலையோட படம். மணிப்பூருக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்ல. அது பொய்னு நிரூபணம் ஆகுறதுக்குள்ள, அதுக்குப் பழி வாங்குறோம்னு குக்கிப் பெண்கள் மேல கை வெச்சாச்சு.

மே 4-ஆம் தேதி ரெண்டு குக்கிப் பெண்களை நிர்வாணமாக்கி ஊர்வலம் விட்ட வீடியோ நாட்டுக்குத் தெரிஞ்சது ஜூலை 19-ல. 76 நாள் கழிச்சு. கணக்கைப் பாருங்க. இன்டர்நெட்டை அடைச்சாங்க, பொய் அதுக்கு முன்னாடியே போயிடுச்சு, நிஜம் உள்ளேயே மாட்டிக்கிச்சு.

250 பேருக்கு மேல செத்தாங்க. சுமார் 60,000 பேர் வீட்டை விட்டு ஓடினாங்க. ரெண்டு பக்கமும். எல்லைப்புற மோரேயில இருக்குற நம்ம ஆளுங்களும் தப்பல. 1962-க்கு அப்புறம் பர்மாவிலேர்ந்து துரத்தப்பட்டு அங்க வந்து தங்கி, அங்காள பரமேஸ்வரிக்குக் கோயில் கட்டிக் கும்பிட்டுட்டு இருக்குற தமிழர்கள். இந்தச் சண்டையில அவங்க யார் பக்கமும் இல்ல, ஆனா அவங்க வீடுங்களும் எரிஞ்சது. 'மணிப்பூர் எங்கயோ இருக்கு, நமக்கென்ன'ன்னு சொல்றவங்களுக்காகச் சொல்றேன்.

'அதெல்லாம் அங்க, நாம படிச்சவங்க'ன்னு சொல்றவங்களுக்கும் ஒண்ணு இருக்கு. 2018 மே 9. நான் அப்ப காலேஜ் ஹாஸ்டல்ல. பிள்ளை பிடிக்க வடநாட்டுக் கும்பல் வந்திருக்குன்னு அந்த வாரம் பூரா வாட்ஸப்ல ஆடியோ. திருவண்ணாமலை மாவட்டம் அத்திமூர்ல, சென்னையிலேர்ந்து குலதெய்வம் கோயிலுக்குச் சொந்தக்காரங்களோட வந்த 65 வயசு அம்மா, வழியில பிள்ளைங்களுக்குச் சாக்லெட் கொடுத்தாங்க. அடிச்சே கொன்னுட்டாங்க. அவங்க தமிழ் பேசுறவங்கதான். வாய் திறந்து பேசியிருப்பாங்கதானே? யாரு கேட்டா? அந்த வருஷம் நாடு முழுக்க இப்படிப் பல சாவு. அதுக்கப்புறம்தான் ஜூலையில வாட்ஸப் இந்தியாவுல ஒரு தடவைக்கு ஐந்து பேருக்கு மேல ஃபார்வர்ட் பண்ண முடியாதுன்னு கட்டுப்பாடு கொண்டுவந்தது.

2023 மார்ச்ல இன்னொரு கூத்து. தமிழ்நாட்டுல பீகார் தொழிலாளர்களைத் தேடித் தேடி வெட்டுறாங்கன்னு இந்தியில வீடியோ. எல்லாம் வேற எங்கயோ, வேற எதுக்கோ நடந்த சண்டைங்க. ஆனா இங்க இருந்தவங்களுக்கு ஊர்லேர்ந்து போன் மேல போன், மூட்டை கட்டிக் கிளம்பினாங்க. பீகார் அரசே ஒரு குழுவை அனுப்பி விசாரிக்க வேண்டியதாச்சு. இந்தக் கதையில தப்தா யாரு தெரியுமா? நாமதான்.

நான் தம்பி விஷயத்துக்கு வரேன். மே மாசத்துலேர்ந்து அபோக் குரல் வரல. சாதாரண போன் போகும், ஆனா பாட்டிக்குக் காது மந்தம், போன்ல பேச முடியாது. வாட்ஸப்னா மத்தவங்க பதிவு பண்ணி அனுப்பிடுவாங்க, இவன் குரலைப் பெட்டி வெச்சு சத்தமாப் போட்டுக் காட்டுவாங்க. அது நின்னுபோச்சு. ஜூலை கடைசியில பிராட்பேண்ட் மட்டும், அதுவும் ஆயிரம் நிபந்தனையோட. செப்டம்பர் 23-ல மொபைல் நெட் வந்தது, 26-ல மறுபடி போச்சு. டிசம்பர் ஆயிடுச்சு ஒழுங்கா வர. வந்ததும் அபோக் அனுப்பின முதல் குரல் கதை இல்ல. தெருவுல யார் யார் இருக்காங்க, யார் யார் இல்லங்குற பட்டியல்.

இதுக்கு நடுவுல இன்னொண்ணு. எங்க ஃப்ளோர்ல வேற டீம்ல ஒரு குக்கிப் பொண்ணு. ரெண்டு பேரும் முன்னாடி ஒண்ணாத்தான் சாப்பிடுவாங்க. சென்னையில அரிசிச் சோத்துக்கு அவங்க ஊர் மிளகாய்ச் சட்னி கிடைக்காதுங்குற துக்கம் ரெண்டு பேருக்கும் பொது. மே மாசம் அந்தப் பொண்ணோட இம்பால் வீடு எரிஞ்சுபோச்சு. பெத்தவங்க சுராசாந்த்பூர் போயிட்டாங்க. அதுக்கப்புறம் வந்த லீவுக்கு அந்தப் பொண்ணு ஊருக்குப் போனது மிசோரம் வழியா. இம்பால் ஏர்போர்ட்லேர்ந்து சுராசாந்த்பூர் சுமார் அறுபது கிலோமீட்டர்தான். ஆனா குக்கிகள் அந்த வழியாப் போக முடியாது. ஐஸ்வால்ல இறங்கி மலைப்பாதையில ஒரு நாள் பூரா வண்டியில போகணும்.

அந்த நர்ஸ் படம் தம்பி போனுக்கும் வந்ததாம். அவன் என்கிட்ட இதைச் சொன்னது ரொம்ப நாள் கழிச்சு. "அனுப்பினது என் சொந்த மாமா அண்ணா. மாமா பொய் சொல்ல மாட்டார். அதனால நம்பினேன். அன்னிக்கு அவளைப் பாக்கவே பிடிக்கல"ன்னான். அவ்ளோதான் சொன்னான், எழுந்து கைகழுவப் போயிட்டான்.

இங்கதான் என் கப் கணக்கு இடிக்குது. அடியில பேரு இருக்கான்னு பாருன்னு ஈஸியாச் சொல்லிடலாம். ஆனா ஃபார்வர்ட் வரும்போது மாமா பேருலதான் வருது, அம்மா பேருலதான் வருது. ஃபார்வர்டோட சூட்சுமமே அதுதான். அபோக் கதை அபோக்கோடது, அது தப்புன்னா அபோக்கைக் கேக்கலாம், "தப்தான்னா என்ன பாட்டி?"னு. மாமாவைக் கேட்டா "எனக்கு வந்தது, அனுப்பினேன்"பார். பேரு அவரோடது, கதை அவரோடது இல்ல. கொடுத்தவரைத் தெரியும், சொன்னவரை யாருக்கும் தெரியாது.

கதையில புலியும் திருடனும் ராத்திரி முழுக்க ஒருத்தர் மேல ஒருத்தர் இருந்தாங்க, ஒருத்தரை ஒருத்தர் பாக்கல. விடிஞ்சதும் பாத்தாங்க, ஆளுக்கொரு பக்கம் ஓடினாங்க, ரெண்டு பேரும் பொழைச்சுக்கிட்டாங்க. கதைங்குறதால அப்படி. நிஜத்துல விடிஞ்சதுக்கப்புறமும் ரெண்டு பேரும் அதே ஃப்ளோர்ல உக்காந்து வேலை பாக்கணும். பாக்குறாங்க. லிஃப்ட்ல பாத்தா "ஹாய்" சொல்லிக்குறாங்க. ஒண்ணாச் சாப்பிடுறதில்ல. அவ வீட்டுப் பாட்டியும் கதை சொல்லுமான்னு ஒரு நாள் அந்தப் பொண்ணுகிட்ட நான் கேட்டேன். "சொல்லும், நிறைய. இப்ப கேக்குற மாதிரி இல்ல"ன்னா. நானும் விட்டுட்டேன்.

போன வாரம் எங்க சொந்தக்காரங்க குரூப்ல, பஸ் ஸ்டாண்டுல பிள்ளை பிடிக்கிற பொம்பளைன்னு ஒரு போட்டோ வந்தது. அம்மா கண்ணாடியைப் போட்டுட்டு ரொம்ப நேரம் பாத்தாங்க. அப்புறம் அனுப்பின சித்திக்கே போன் போட்டாங்க. "ஏம்மா, இது எந்த ஊரு பஸ் ஸ்டாண்டு? நீ பாத்தியா? பாக்கலையா? அப்ப உனக்கு யாரு குடுத்தா, அவ பாத்தாளா?" சித்திக்குக் கோவம். ரெண்டு நாள் பேசல. ஆனா அந்தப் போட்டோ எங்க குரூப்போட நின்னுடுச்சு.

பி.கு: 'குழந்தை அழுகையை நிறுத்தின பேருக்குப் புலி பயந்த கதை' உங்க ஊர்லயும் இருக்கும்னு நெனைக்கிறேன். எந்தப் பேருக்குப் பயந்தது? பின்னூட்டத்துல சொல்லிட்டுப் போங்க. கூடவே சொன்னவங்க பேரு, ஊரு. "எங்கயோ படிச்சேன்" செல்லாது :-)